கேங்ல ரெண்டு பேருக்கு லவ்... மீதி நாலு பேருக்கு என்ன ஆகும்?

ஆறு பேர் இருக்கிற ஒரு வாட்ஸ்அப் குரூப். மூணு வருஷமா ராத்திரி பன்னிரண்டு மணிக்குக்கூட மீம் வந்து விழுந்துட்டே இருக்கும். திடீர்னு ஒரு வாரம் அமைதி. அப்புறம் ஒருநாள் உங்க போன்ல புதுசா ஒரு குரூப் முளைக்கும். எண்ணிப் பார்த்தா அஞ்சு பேர். ஒருத்தர் மிஸ்ஸிங். யாரும் யாரையும் ரிமூவ் பண்ணல, யாரும் லெஃப்ட் ஆகல. பழைய குரூப் அப்படியே இருக்கு. என்ன, தீபாவளிக்கும் பொங்கலுக்கும் மட்டும் அதுல வாழ்த்து வரும்.

காரணம் கேட்டா யாரும் நேரா சொல்ல மாட்டாங்க. "அவங்க ரெண்டு பேருக்கும் செட் ஆகலடா... அதான்." அவங்க ரெண்டு பேருக்குத்தானே செட் ஆகல? அப்புறம் எப்படி மீதி நாலு பேரும் ஒரு பக்கமாப் போய் நின்னாங்க?

இந்தக் கேள்வியை ரொம்ப நேர்மையாகக் கையில் எடுத்த ஒரு சீரிஸ் உண்டு. நீங்கள் சாப்பிடும்போது, தூக்கம் வராதபோது, பரீட்சைக்கு முந்தின நாள் என்று எத்தனையோ முறை ஓடவிட்ட அதே 'ஃப்ரெண்ட்ஸ்'தான். (நேசமணி தலையில் சுத்தியல் விழுந்த 'ஃப்ரெண்ட்ஸ்' வேற. இது நியூயார்க் ஆறு பேர் கதை.) 1994-ல் தொடங்கி 2004 வரை 10 சீசன், 236 எபிசோடு. ராஸ் - ரேச்சல் சேருவார்களா, மாட்டார்களா என்பதுதான் அதன் கதை என்று பலரும் சொல்வார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. அந்த இரண்டு பேரின் காதலால் மற்ற நாலு பேருக்கும் என்ன ஆகிறது என்பதுதான் அதன் கதை.

15 கோடுகள்

முதலில் ஒரு சின்ன கணக்கு. பயப்படாதீங்க, பிளஸ் ஒன்ல படிச்ச காம்பினேஷன்தான்.

ஆறு பேர் உள்ள கேங்கில் மொத்தம் 15 ஜோடிகள் உண்டு. காதல் ஜோடியைச் சொல்லவில்லை. யாருக்கும் யாருக்கும் இடையில் உள்ள உறவுக் கோடு. இதில் இரண்டு பேர் காதலிக்க ஆரம்பித்தால், நேரடியாக மாறுவது ஒரே ஒரு கோடு. ஆனால், அந்த இரண்டு பேருக்கும் மற்ற நாலு பேருக்கும் இடையில் எட்டுக் கோடுகள் இருக்கின்றன. அந்த எட்டும் லேசாக ஆடும். நேற்றுவரை உங்களுடன் தனியாக டீ குடிக்க வந்த நண்பன் இன்று "அவளையும் கூட்டிட்டு வரேன்" என்பான். அவளிடம் மட்டும் நீங்கள் சொன்ன ரகசியம், இனி அவனுக்கும் தெரியுமோ என்ற சந்தேகம் வரும். மிச்சமிருக்கும் ஆறு கோடுகள், அந்த நாலு பேருக்குள் இருப்பவை. அங்கே என்ன நடக்கும்? வேறென்ன, காசிப்தான்.

ஆக, ஒரு காதலுக்கு 15 கோடும் அசைகிறது. கேங் கதை எழுதுகிறவர்களுக்கு இதுதான் புதையல், இதுதான் கண்ணிவெடியும். நாயகன், நாயகி மட்டும் உள்ள கதையில் பிரேக்கப் ஆனால் இரண்டு பேர் அழுவார்கள், அவ்வளவுதான். கேங் கதையில் பிரேக்கப் ஆனால், அடுத்த நாள் காபி ஷாப்பில் யார் எந்த சோஃபாவில் உட்காருவது என்பதே பிரச்னை.

கதவுக்குப் பின்னால நாலு பேர்

1997 பிப்ரவரியில் வந்த அந்த பிரேக்கப் எபிசோடை ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். ஹாலில் ராஸும் ரேச்சலும் சண்டை போடுகிறார்கள். "நாம பிரேக்ல இருந்தோம்" என்பது அவன் கட்சி. இல்லை என்பது அவள் கட்சி. இன்றுவரை ஹாஸ்டல் ரூம்களில் இரண்டு அணியாகப் பிரிந்து விவாதம் நடக்கிற மேட்டர் அது. அதற்குள் நாம் போக வேண்டாம், வாழ்க்கை சின்னது.

என் கண் போவது பெட்ரூம் கதவுக்குப் பின்னால். மோனிகா, சாண்ட்லர், ஜோயி, ஃபீபி நாலு பேரும் உள்ளே மாட்டிக்கொள்கிறார்கள். வெளியே வந்தால் சண்டைக்கு நடுவில் நிற்க வேண்டும், வராவிட்டால் பட்டினி. மணிக்கணக்கில் கதவில் காதை வைத்துக் கேட்கிறார்கள். பசி தாங்காமல், முடி நீக்குவதற்காக வாங்கி வைத்திருந்த மெழுகையே வாயில் போட்டுப் பார்க்கிறார்கள். சிரிப்பு வருகிற காட்சிதான். ஆனால் நேரம் போகப் போக அந்த நாலு முகங்களும் மாறுவதைக் கவனியுங்கள். அவர்களுக்கும் ஏதோ ஒன்று முடிந்துபோகிறது. அதில் அவர்கள் சொல்வதற்கு ஒரு வார்த்தைகூட இல்லை.

அந்தக் காட்சியை மட்டும் எழுதிவிட்டு, அடுத்த வாரம் எல்லோரும் வழக்கம்போல சோஃபாவில் சிரித்துக்கொண்டிருந்தால் கதை பொய்யாகியிருக்கும். 'ஃப்ரெண்ட்ஸ்' எழுதியவர்கள் அதைச் செய்யவில்லை. அடுத்த எபிசோடிலேயே, ஒருத்தரைக் கூப்பிட்டால் இன்னொருத்தரைக் கூப்பிட முடியாது என்ற நிலைமை. ரேச்சல் பனிச்சறுக்கு டிரிப் போடுகிறாள், ராஸ் தவிர எல்லோருக்கும் அழைப்பு. சாண்ட்லர் டென்ஷனில் விட்டுவிட்ட சிகரெட்டை மறுபடி பிடிக்கிறான். சின்ன வயதில் அப்பா, அம்மா விவாகரத்து செய்தபோது இருந்த அதே பதற்றம் அவனுக்கு. இரண்டு பேரையும் பிடிக்கும், ஆனால் ஒருவர் வீட்டில்தான் இருக்க முடியும் என்கிற குழந்தையின் நிலைமை. கடைசியில் நடுவழியில் கார் மக்கர் செய்து, உதவிக்கு யாரைக் கூப்பிடுகிறார்கள்? அழைக்காமல் விட்ட ராஸைத்தான்.

நம்ம ஊர் கேங்கிலும் இது நடக்கும்தானே? பர்த்டேக்குக் கூப்பிடாத அதே ஆளுக்குத்தான் வண்டி பஞ்சரானதும் போன் போகும்.

யார் அந்த கிப்?

இப்போது 1998 அக்டோபருக்கு வருவோம். ஐந்தாவது சீசனின் ஐந்தாவது எபிசோடு. என்னைப் பொறுத்தவரை, ஒரு கேங் எப்படி ஆளை உதிர்க்கிறது என்பதை அதைவிடத் தெளிவாக யாரும் காட்டியதில்லை.

ராஸ், லண்டன் பெண் எமிலியைக் கல்யாணம் செய்திருக்கிறான். மேடையில் வாய்தவறி ரேச்சல் பெயரைச் சொல்லித் தொலைத்ததால் எமிலி ஒரு நிபந்தனை போடுகிறாள்: இனி ரேச்சலைப் பார்க்கவே கூடாது. ராஸ் ஒப்புக்கொள்கிறான். விஷயம் தெரிந்ததும் ரேச்சல் உடைந்துபோவது ராஸுக்காக அல்ல. "நான் கிப் ஆகப் போறேன்" என்ற பயத்தில்.

கிப் யார்? ஜோயி வருவதற்கு முன்பு சாண்ட்லரின் ரூம்மேட். கேங்கில் ஒருவனாக இருந்தவன். மோனிகாவும் அவனும் காதலித்தார்கள், பிரிந்தார்கள், ஒரே அறையில் இருக்க முடியாமல் போனது. நாங்கள் எப்போதும் உன் ஃப்ரெண்ட்ஸ்தான் என்று எல்லோரும் அவனுக்கு வாக்குக் கொடுத்தார்கள். அப்புறம் மெதுவாக, சண்டையே இல்லாமல், அவன் காணாமல் போனான். அந்த எபிசோடில் அவன் முகத்தைக்கூட நமக்குக் காட்ட மாட்டார்கள். அதுதான் அதன் பயங்கரம். 236 எபிசோடும் நாம் கொண்டாடுகிற அந்த சூப்பர் கேங், ஏற்கெனவே ஒருவனை உதிர்த்துவிட்டுத்தான் நம் முன்னால் வந்து உட்கார்ந்திருக்கிறது.

ரேச்சலின் பயத்தில் கணக்கு சரியாக இருக்கிறது. ராஸைக் கழற்றிவிட முடியாது. மோனிகாவுக்கு அண்ணன், சாண்ட்லருக்கு காலேஜ் ரூம்மேட். இரண்டு கயிறு. ரேச்சலுக்கு இருப்பதோ மோனிகாவின் பள்ளித்தோழி என்கிற ஒரு கயிறு. இத்தனைக்கும் அவள் எந்தத் தப்பும் செய்யவில்லை. இன்னொரு கொடுமையும் உண்டு. ஒருநாள் யாராவது கேங்கை விட்டுப் போக வேண்டியிருந்தால் அது ஃபீபியாகத்தான் இருக்கும் என்று தான் நினைத்திருந்ததாக ரேச்சலே சொல்வாள். சிரித்துவிட்டுக் கடந்து போகிற ஜோக். ஆனால் உள்ளே குத்துகிற உண்மை: ஒவ்வொரு கேங்கிலும், எல்லோருடைய மனசுக்குள்ளும், யாரை எடுத்தால் அதிகம் வலிக்காது என்கிற ஒரு லிஸ்ட் இருக்கிறது.

நல்லவேளை, எமிலி - ராஸ் திருமணம் சீக்கிரமே முறிந்தது, ரேச்சல் தப்பித்தாள். கிப்புக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. அவன் காதலித்தது யாரை? மோனிகாவை. கொஞ்சம் யோசித்தால், அந்த கேங்கின் நடுத்தூணே மோனிகாதான். ராஸ் அவள் அண்ணன், ரேச்சல் அவள் தோழி, ஃபீபி ஒருகாலத்தில் அவளோடு தங்கியிருந்தவள், சாண்ட்லரும் ஜோயியும் எதிர்வீட்டுக்காரர்கள். எல்லோரும் சாப்பிடுவது அவள் கிச்சனில். தூணோடு சண்டை போட்டவனுக்கு அந்த வீட்டில் எங்கே இடம்?

லண்டன் ஹோட்டல் ரகசியம்

இந்தத் தூண் கணக்கோடு பார்த்தால்தான் மோனிகா - சாண்ட்லர் காதல் எவ்வளவு ரிஸ்க் என்று புரியும். அதே தூண், இன்னொரு முறை, அதுவும் கிப் இருந்த அதே எதிர்வீட்டுக்காரனோடு. சொதப்பினால் இந்த முறை போவது ஒருத்தர் அல்ல, மொத்த வீடும்.

இதை எழுதியவர்களே முதலில் இதைப் பெரிய காதலாகத் திட்டமிடவில்லை. ராஸ் கல்யாணத்துக்காக லண்டன் போன இடத்தில் ஒரு ராத்திரி விஷயம், கொஞ்சம் காமெடி, அதோடு முடித்துவிடலாம் என்றுதான் இருந்தார்கள். ஆனால் லண்டனில் பார்வையாளர்கள் முன்னிலையில் ஷூட்டிங் நடந்தபோது, போர்வைக்குள்ளிருந்து மோனிகா தலை நீட்டியதும் எழுந்த கூச்சல் அடங்கவே வெகுநேரம் பிடித்தது. இதை வைத்து இன்னும் போகலாம் என்று அப்போதுதான் புரிந்தது. 2001-ல் கல்யாணமே ஆகிவிட்டது.

காதலர்கள் சேர்ந்துவிட்டால் கதை செத்துவிடும் என்று டிவி உலகில் ஒரு பழைய மூடநம்பிக்கை உண்டு. எண்பதுகளில் வந்த 'மூன்லைட்டிங்' சீரிஸைத்தான் எப்போதும் உதாரணம் காட்டுவார்கள், ஜோடி சேர்ந்ததும் சீரிஸ் படுத்துவிட்டது என்று. எழுத்தாளர்கள் ஸ்ட்ரைக், நடிகர்களின் தேதிப் பிரச்னை என்று அதற்கு வேறு நோய்களும் இருந்தன, பாவம். மோனிகாவும் சாண்ட்லரும் சேர்ந்த பிறகுதான் 'ஃப்ரெண்ட்ஸ்' அதன் உச்சத்துக்கே போனது என்பேன்.

எப்படி? காதலை இருவருக்கு நடுவில் வைக்காமல், 'யாருக்குத் தெரியும்' என்கிற இடத்தில் வைத்தார்கள். முதலில் ஜோயிக்குத் தெரிகிறது, பாவம், அந்த வாயில்லாப் பூச்சி ரகசியத்தைச் சுமந்துகொண்டு திணறுகிறான். அதுவும் எந்த எபிசோடில்? அதே கிப் எபிசோடில். ஒரு பக்கம் ஒருத்தி, காதலால் கேங்கை இழந்துவிடுவேனோ என்று அழுகிறாள். பக்கத்திலேயே இரண்டு பேர் அதே ஆட்டத்தை ரகசியமாக ஆரம்பித்திருக்கிறார்கள். அடுத்து ரேச்சல். பிறகு 1999 பிப்ரவரியில் ஃபீபி. தெரியும் என்று அவர்களுக்குத் தெரியாது, தெரியாது என்று நடிப்பது இவர்களுக்குத் தெரியும் என்று போகும் அந்த எபிசோடைப் பார்க்காதவர்கள் கட்டுரையை இங்கேயே நிறுத்திவிட்டுப் போய்ப் பார்க்கலாம், தப்பில்லை. 15 கோடும் ஒரே நேரத்தில் ஆடுகிற காட்சி அது.

கடைசியாகத் தெரிவது யாருக்கு? அண்ணன் ராஸுக்கு. எதிர் பில்டிங் ஜன்னலிலிருந்து பார்த்துவிட்டுக் கத்துகிறான்.

நண்பனோட தங்கச்சி

அண்ணன் என்றதும் உங்களுக்கு வேறொரு கேங் ஞாபகம் வந்திருக்குமே? 2007-ல் வெங்கட் பிரபுவின் 'சென்னை 600028'. ஷார்க்ஸ் டீம். கார்த்திக்குக்கும் பழனியின் தங்கை செல்விக்கும் காதல். விஷயம் பழனிக்குத் தெரிந்ததும் நட்பு உடைகிறது.

நிலைமை அச்சு அசலாக ஒன்றுதான்: நெருங்கிய நண்பன், நண்பனின் தங்கை, கடைசியில் தெரிந்துகொள்ளும் அண்ணன். ஆனால் ராஸ் சாண்ட்லரைத் துரத்திவிட்டு, இது சீரியஸான காதல் என்று தெரிந்த அடுத்த நிமிஷமே கட்டிப்பிடித்துக்கொள்வான். பழனிக்கு அது முடியாது. நம்ம ஊரில் 'நண்பனோட தங்கச்சி' என்பது எழுதப்படாத சட்டம். வீட்டுக்குள் வந்து உட்கார்ந்து அம்மா கையால் சாப்பிட்ட உரிமை, அந்தச் சட்டத்தை நம்பித்தான் கொடுக்கப்பட்டிருக்கிறது. பழனியின் கோபம் காதல் மேல் என்பதைவிட, அந்த நம்பிக்கை போனதன் மேல். இந்த இடத்தில் மட்டும் எனக்கு நியூயார்க் அண்ணனைவிட விசாலாட்சி தோட்டத்து அண்ணன் பக்கம்தான் மனசு போகிறது. செல்வியிடம் யாராவது கருத்துக் கேட்டார்களா என்பது தனிக் கட்டுரை.

அங்கேயும் பாதிப்பு இரண்டு பேரோடு நிற்கவில்லை. கிரிக்கெட் டீமுக்குள் இரண்டு பேர் பேசிக்கொள்ளவில்லை என்றால் மற்றவர்கள் என்ன செய்வார்கள்? தேநீர்க் கடை பெஞ்சில் யார் பக்கம் உட்கார்வது என்பதுவரை யோசிக்க வேண்டும்.

எங்கே சொதப்புது?

எல்லாம் சரியாக எழுதிய 'ஃப்ரெண்ட்ஸ்' ஒரு இடத்தில் சறுக்கியது. ஜோயி - ரேச்சல்.

இதில் பாதி சூப்பர். எட்டாவது சீசனில், ராஸின் குழந்தையை வயிற்றில் சுமக்கும் ரேச்சல்மேல் ஜோயிக்குக் காதல் வருகிறது. அதுவரை சாண்ட்விச் தவிர எதையும் சீரியஸாக எடுக்காத ஒருவன், வாயைத் திறந்தால் மூன்று நட்புகள் போகும் என்று தெரிந்து தவிக்கிறான். அந்தத் தவிப்பு உண்மையாக இருந்தது. காரணம், மற்ற கோடுகள் எல்லாம் பணயத்தில் இருந்தன.

பத்தாவது சீசனில் இருவரும் நிஜமாகவே சேர்ந்தபோது, அந்தப் பணயம் காணாமல் போனது. ராஸ் "ஐ'ம் ஃபைன்" என்று கீச்சுக் குரலில் கத்துவதை ஒரு காமெடி எபிசோடாக முடித்தார்கள். பிறகு, தொட்டால் ரேச்சல் கை தன்னால் அறைகிறது என்று ஒரு ஜோக்; ஃப்ரெண்ட்ஸாகவே இருப்போம் என்று ஃபுல் ஸ்டாப். யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. யாருக்கும் ஒன்றும் ஆகாத காதலில் நமக்கென்ன வேலை?

அந்த இரண்டு பேரை ஷிப் செய்தவர்கள் இன்னமும் உண்டு, தெரியும். சண்டைக்கு வராதீங்க.

திமிங்கல டிரெஸ்ஸில் லில்லி

'ஹவ் ஐ மெட் யுவர் மதர்' முடிவைத் திட்டாதவர்கள் குறைவு. ஒன்பது சீசன் இழுத்து, 2014-ல் அவர்கள் முடித்த விதம் எனக்கும் பிடிக்காது. ஆனால் அந்தக் கடைசி எபிசோடில் ஒரு காட்சி, நாம் இதுவரை பேசிய எல்லாவற்றையும் மொத்தமாகக் கொண்டுவந்து கொட்டிவிடும்.

ஞாபகம் இருக்கட்டும், ராபின் அந்த கேங்குக்குள் வந்ததே டெட் மூலமாகத்தான். டெட்டோடு காதல், பிரிவு. பிறகு பார்னி. முதன்முறை அது நடந்தபோதே டெட், பார்னியோடு நட்பை முறித்துக்கொள்வான். பார்னி பஸ்ஸில் அடிபட்ட பிறகுதான் ராசியாவார்கள். பிறகு ராபினுக்கும் பார்னிக்கும் கல்யாணம், அதற்கென்றே ஒரு முழு சீசன். கடைசி எபிசோடில் அதுவும் விவாகரத்தில் முடிகிறது.

அந்தப் பழைய அபார்ட்மென்ட்டில் ஒரு ஹாலோவீன் பார்ட்டி. ராபின் சீக்கிரமே கிளம்புகிறாள். லில்லி வழிமறித்து, நம்ம கேங்கை விட்டு இப்படி விலகுகிறாயே என்று கேட்கிறாள். எந்த கேங், என்று ராபின் திருப்பிக் கேட்கிறாள். குழந்தைகளோடு செட்டிலாகிவிட்ட ஒரு தம்பதி, கண்ணெதிரே வேறு பெண்களோடு வழிகிற முன்னாள் கணவன், தான் கட்டியிருக்க வேண்டியவனோ என்று தோன்றுகிற ஒருவன், அவன் பக்கத்தில் அவன் குழந்தையின் அழகான அம்மா. இந்தக் கூட்டத்துக்கு நடுவில் யார்தான் நிற்க விரும்புவார்கள்?

யாரும் அவளைத் துரத்தவில்லை. அவள்மேல் யாருக்கும் கோபமில்லை. அவளுக்கு இருந்த ஒவ்வொரு கயிறும் ஒவ்வொன்றாகக் காதலாக மாறி, ஒவ்வொன்றாக அறுந்துவிட்டது. லில்லி ஒருத்தி மட்டும் மிச்சம். ராபின் போன பிறகு, காலியான அந்த வீட்டில், வெள்ளைத் திமிங்கல வேஷத்தில் லில்லி தனியாக நின்று அழுகிறாள். ராபினின் எந்தக் காதலிலும் மாட்டாத, எந்தத் தப்பும் செய்யாத அந்த 'மீதி ஆள்' அழுகிற அழுகை அது.

கிப் போனபோது அப்படி யாராவது அழுதார்களா என்பதை 'ஃப்ரெண்ட்ஸ்' நமக்குச் சொல்லவே இல்லை.

சரி, அந்தப் பழைய வாட்ஸ்அப் குரூப்பைக் கொஞ்சம் ஸ்க்ரோல் பண்ணித் தேடிப் பாருங்க, கீழே எங்கேயோ போயிருக்கும். கடைசி மெசேஜ் யாரோடது?